ஓடக்காரன் யாருக்கு அப்பன்?

“பாட்சா பாய், இன்னைக்கு ஒருநாள் உங்க சொந்தச் சரக்கை அவிழ்த்து விடாதீங்க. திரையில என்ன எழுத்து வருதோ, அதை மட்டும் சொல்லுங்க!”

மானேஜர் அய்யாசாமி கும்பிடாத குறையாகச் சொன்னார்.

சாதிக் பாட்சா கையிலிருந்த தகரக் குழாயைத் துணியால் துடைத்தார். ஊமைப்படம் ஓடும்போது திரைக்குப் பக்கத்தில் நின்று, அந்தக் குழாய் வழியாகக் கதையைத் தமிழில் சொல்வது அவர் வேலை. திரையில் வரும் எழுத்தெல்லாம் பர்மிய மொழியும் இங்கிலீஷும். பர்மாவில், மிங்கலா தாங்ஞுன்ட் பகுதியிலிருந்த இந்தக் கொட்டகைக்கு வருகிறவர்களோ ரயில்வேயிலும் துறைமுகத்திலும் உழைக்கும் தமிழர்கள்.

“என்ன மானேஜர், புதுசா சட்டம் போடுறீங்க?”

“கம்பெனி உத்தரவு, பாய். நம்ம கொட்டகையில கதையே வேறயா ஓடுதுன்னு யாரோ சொல்லிட்டாங்க. கதை எழுதின சல்செதோ துரையே இன்னைக்கு வந்து கேட்கிறாராம். அவர் சரின்னு சொல்லலேன்னா நாளையிலேருந்து உங்களுக்கு வேலை இல்லை.”

மேல்வரிசையில் துரைக்காக ஒரு சோபா போட்டு, வெள்ளைத் துணி விரித்திருந்தார்கள்.

பாட்சா திரைக்கு முன்னாலிருந்த பள்ளத்தில் இறங்கினார். அங்கே விளக்கைச் சின்னதாக வைத்துக்கொண்டு, பிடிலுக்குச் சுருதி சேர்த்துக்கொண்டிருந்தார் மணிலாக்காரர். பாண்டு வாத்தியம் வாசிக்க மணிலாவிலிருந்து கப்பலேறி வந்தவர். கொட்டகையில் யாரும் அவர் பெயரைக் கேட்டதில்லை. ‘மணிலாக்காரர்’ என்பார்கள், மரியாதையாகக் கூப்பிட வேண்டுமென்றால், பர்மாக்காரர்களைப் போல ‘சயா’.

“கேட்டீங்களா சயா? படத்துல வர்ற அந்த ஓடக்காரனால எனக்கு வேலை போகப் போகுது.”

“ஓடக்காரன் என்ன செஞ்சான்?” கொட்டகையில் பழகிய தமிழில் கேட்டார் அவர்.

“பார்க்கிறானே, அதுதான்! கதாநாயகனை முதல் தடவை ஆத்தைத் தாண்டி விட்டுட்டு, அவன் முதுகையே பார்த்துக்கிட்டு நிக்கிறானே, அது கூலிக்கு ஓடம் தள்ளுறவன் பார்வையா? அந்த நடிகர் யாரோ தெரியலை. ஒரு படத்துல போலீஸ்காரன், ஒண்ணுல குடிகாரன், இதுல தாடிக்காரக் கிழவன். ரெண்டு நிமிஷம் வருவார், செத்துப் போவார். மத்தவங்க எல்லாம் வேஷம் கட்டியிருக்காங்க சயா, அவர் மட்டும்தான் உசிரோட இருக்கார்.”

மணிலாக்காரர் வில்லுக்குக் குங்கிலியம் தேய்த்தார். “இன்னைக்கு எப்படிச் சொல்லப் போறே?”

“எழுத்துல இருக்கிறபடிதான். வீட்டுல என் சம்சாரம் கரீமாவுக்கு யார் பதில் சொல்றது?”

படம் தொடங்கியது. பணக்கார வீட்டுப் பிள்ளையான கதாநாயகன் சிரியம் ஆற்றுத்துறைக்கு வந்தான். மார்புவரை தாடியும் மூங்கில் தொப்பியுமாக ஓடக்காரன் எழுந்து நின்றான்.

“இவன் ஓடக்காரன்” என்றார் பாட்சா.

கூட்டம் அடுத்த வார்த்தைக்காகக் காத்திருந்தது. பாட்சா குழாயைக் கீழே இறக்கினார்.

“என்ன பாய், குழாய்க்குள்ள எறும்பு பூந்துடுச்சா?” முன்வரிசையில் துறைமுகத்துக் கருப்பையா கத்தினார். “ஓடக்காரன் யாருக்கு அப்பன்? அதைச் சொல்லுய்யா! எங்க வீட்டு ஆளுங்களை அழுறதுக்குன்னே கூட்டியாந்திருக்கேன்!”

சிரிப்பு எழுந்தது. பாட்சா சோபாவைப் பார்த்தார். இருட்டில் ஒன்றும் தெரியவில்லை.

மறுபயணத்தில், திரையில் புயல். ஓடம் கவிழ்ந்தது. ஓடக்காரன் கதாநாயகனைக் கரைக்குத் தள்ளிவிட்டு, தான் தண்ணீரோடு போனான். போகும்போது திரும்பிப் பார்த்தான்.

பள்ளத்திலிருந்து பிடில் அழுதது. அந்த ஓடக்காரன் வரும்போதெல்லாம் வழக்கமாக எழும் அதே ராகம். இன்றைக்கு இன்னும் மெதுவாக, இன்னும் பக்கத்தில் கேட்டது.

பாட்சாவால் முடியவில்லை. குழாயைத் தூக்கினார்.

“மகனே! பஞ்சத்துல உன்னைப் பெரிய வீட்டு வாசல்ல விட்டுட்டு வந்த பாவி நான்தான்டா! நீ பொழச்சுக்கோ. உன் அப்பன் யாருன்னு உனக்குத் தெரியவே வேண்டாம்!”

எங்கோ ஒரு பெண் விசும்பினாள். கருப்பையா தலைத்துண்டால் முகத்தை மூடிக்கொண்டார்.

படம் முடிந்ததும் அய்யாசாமி ஓடிவந்தார். “கெடுத்தீங்களே பாய்! நல்லவேளை, துரை வரலை. சோபா காலியாவே கிடந்தது.”

“வந்தார். முழுசாக் கேட்டார்” என்றார் மணிலாக்காரர்.

இருவரும் திடுக்கிட்டார்கள். மணிலாக்காரர் பாட்சாவைப் பார்த்தார். “ஓடக்காரன் அப்பான்னு உனக்கு யார் சொன்னது?”

“யாரும் சொல்லலை சயா. நீங்க வாசிக்கிற அந்த ராகம் தாலாட்டு மாதிரி இருக்கும். அதைக் கேட்கக் கேட்கத் தோணிச்சு. என் கற்பனைதான். தப்புதான்.”

“கற்பனை இல்லை. நான் முதல்ல எழுதின கதையே அதுதான். கம்பெனி முதலாளி வேண்டாம்னு வெட்டிட்டார். பிடிலை மட்டும் அவரால வெட்ட முடியலை.” மணிலாக்காரர் பிடிலைப் பெட்டிக்குள் வைத்தார். “வெயில் இருக்கிறப்போ படம் பிடிப்பாங்க. பொழுது சாய்ஞ்சா எனக்கு இங்கே வேலை. இத்தனை நாளா வாசிச்சேன். உன் ஒருத்தன் காதுலதான் விழுந்தது.”

அவர் கழுத்திலிருந்த வெள்ளைக் கைக்குட்டையை அவிழ்த்து, மோவாயை மறைத்துத் தாடிபோலப் பிடித்துக்கொண்டு நிமிர்ந்தார்.

சற்று முன் ஆற்றோடு போன ஓடக்காரன், அதே பார்வையோடு பாட்சாவின் எதிரே நின்றான்.