மேற்கே புல் இருந்தது

பின்னங்காலைப் பிடித்து இழுத்தாள். வரவில்லை.

மானின் கழுத்து இரண்டு கம்பிகளுக்கு நடுவே முறுக்கிக்கொண்டிருந்தது. உடம்பு பலகைபோல் விறைத்துவிட்டது. இமைமயிரில் பனி.

மண்டியிட்டு, குறட்டால் கம்பியை நெம்பித் தலையை விடுவித்தாள். பத்தடி தள்ளி இழுத்துக்கொண்டுபோய்ப் போட்டாள்.

காலையிலிருந்து இது பதினொன்றாவது.

செத்த மானின் பாரத்தில் கம்பி தொய்ந்துவிடும். அதை இழுத்துக் கட்ட வேண்டும். செவெல்மாவுக்கு அதுதான் வேலை. மங்கோலியப் புல்வெளியைக் குறுக்கே அறுத்துக்கொண்டு போகும் ரயில்பாதையில் பதினேழு கிலோமீட்டர் அவள் பொறுப்பு. பாதைக்கு இரண்டு பக்கமும் வேலி. கால்நடை ரயிலில் அடிபடக் கூடாதென்று போட்டது.

அவளுக்கும் கால்நடை இருந்தது. இருநூற்றுச் சொச்சம் ஆடு, இருபது குதிரை. ஒரு குளிர்காலத்தில் மழை பெய்தது. பெய்த மழை புல்மேல் அப்படியே கண்ணாடியாக உறைந்தது. ஆடுகள் குளம்பால் கொத்திக் கொத்திப் பார்த்தன. வசந்தம் வந்தபோது பட்டியில் எழுந்து நிற்க ஒன்றும் இல்லை.

கணவன் கட்டட வேலைக்கென்று நகரத்துக்குப் போனான். அங்கேயே இருந்துவிட்டான். அவள் கம்பளிக் கூடாரத்தைப் பிரித்து யாருக்கோ கொடுத்துவிட்டு இந்த வேலைக்கு வந்தாள். ஆறு வருஷம் ஆகிறது. இன்னும் இரண்டு குளிர்காலம் தாண்டினால் ஓய்வூதியம்.

நிமிர்ந்தாள். முழங்கால் வலித்தது.

மான்கூட்டம் அங்கேயேதான் நின்றது.

மூன்று நாளாக வேலியை ஒட்டியே வடக்கும் தெற்குமாக நடக்கின்றன. இந்தப் பக்கம் பனி முழங்கால் ஆழம், மேலே கெட்டிப்பட்டுப்போய். மேற்கே, பாதைக்கு அந்தப் பக்கம், காற்று பனியைத் துடைத்துவிட்டிருந்தது. மஞ்சள் புல் தெரிந்தது. நடுவில் நூறடிகூட இருக்காது.

ஒரு பெட்டை மான் முன்னங்காலால் பனியைக் கொத்தியது. டக். டக். நின்றது. மறுபடி கொத்தியது.

அந்தச் சத்தம் அவளுக்குத் தெரியும்.

மதியம்வரை வண்டி இல்லை.

பாதையைக் கடந்து அந்தப் பக்கத்து வேலிக்குப் போனாள். முதலில் அதுதான். இந்தப் பக்கத்தை மட்டும் திறந்தால் மான்கள் தண்டவாளத்தில் மாட்டிக்கொள்ளும்.

ஆறு கம்பி. ஒவ்வொன்றும் அறும்போது விண்ணென்று துள்ளிப் பனியில் சுருண்டது. அடுத்தடுத்த மூன்று கம்பங்களுக்கு இடையே அறுத்து, சுருட்டி, ஓரமாகத் தள்ளினாள். திரும்பி வந்து இந்தப் பக்கம். கையுறை கிழிந்து உள்ளங்கையில் ரத்தம் வந்தது. அதைக் கழற்றிப் பார்க்கக்கூட அலுப்பாக இருந்தது.

வழி திறந்துவிட்டது.

மான்கள் வரவில்லை.

திறப்பைப் பார்த்தன. மூக்கைத் தூக்கி மோந்தன. ஒன்று மட்டும் நெருங்கி வந்து, கம்பி இருந்த இடத்துக்கு ஓர் அடி முன்னால் நின்றுவிட்டது. அங்கே இன்னும் கம்பி இருப்பதுபோல.

செவெல்மா அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு நடக்கத் தொடங்கினாள்.

நெருங்கினால் கூட்டம் சிதறிவிடும். சுற்றித்தான் போக வேண்டும், பெரிய வட்டமாக. பனியின் மேலோடு உடைந்து ஒவ்வோர் அடிக்கும் கால் உள்ளே போனது. இரண்டு முறை விழுந்தாள். இரண்டாவது முறை, விழுந்த இடத்திலேயே கொஞ்ச நேரம் கிடந்தாள். வானம் வெளிறிக் கிடந்தது. இப்படியே கிடந்தால் என்ன என்று தோன்றியது.

எழுந்தாள்.

கூட்டத்தின் பின்னால் போய்ச் சேர்ந்ததும் கைகளை விரித்தாள். வாயைத் திறந்தாள். சத்தம் வரவில்லை. ஆறு வருஷமாக அவள் எதையும் ஓட்டவில்லை.

பிறகு வந்தது. தொண்டையின் அடியிலிருந்து, நீளமாக, மந்தையைத் திருப்பும் குரல்.

தலைகள் எல்லாம் ஒன்றாக நிமிர்ந்தன.

திறப்பின் முன்னால் நின்ற மான் துள்ளியது. தண்டவாளத்தை ஒரே தாவலில் தாண்டி அந்தப் பக்கம் போய் நின்றது. குனிந்தது. தின்றது.

அதன் பின்னால் இன்னொன்று. பிறகு பத்து. பிறகு எண்ண முடியவில்லை. பனித்தூள் புகைபோல் எழும்பியது.

எவ்வளவு நேரம் ஆயிற்றென்று தெரியவில்லை. இடுப்பில் வாக்கி டாக்கி கரகரத்தது.

தம்தின். பக்கத்து நிலையத்தில் கொடி காட்டுகிறவன். நிலக்கரி வண்டி புறப்படத் தயாராக நிற்கிறது, பாதை காலிதானே என்று கேட்டான்.

"வண்டிய விடாத தம்பி. வேலி அறுந்து கெடக்கு. மான் போய்க்கிட்டிருக்கு."

யார் அறுத்தது என்று கேட்டான். அவன் கேட்டுத்தான் ஆக வேண்டும். வண்டி நின்றால் மேலே எழுதிப் போட வேண்டும். எழுதினால் ஒரு பெயர் வேண்டும்.

குளிரில் கம்பி தானாக அறுவதுண்டு. இத்தனை கம்பி ஒரே இடத்தில் அறாது. யாரோ அறுத்துவிட்டுப் போயிருக்கிறார்கள் என்று சொல்லலாம். அந்த யாரோவைப் பற்றி அடுத்த கேள்வி வரும், அதற்கும் அடுத்தது வரும். அவ்வளவு தூரம் பொய்யைத் தூக்கிக்கொண்டு நடக்க அவளிடம் தெம்பு இல்லை.

"நான்தான்."

வெறும் இரைச்சல். 

வாக்கி டாக்கியைக் காதோடு அழுத்திக்கொண்டாள்.

"எவ்வளவு நேரம் வேணும்க்கா?"

செவெல்மா கிழக்கே திரும்பிப் பார்த்தாள். மேட்டுக்கு அந்தப் பக்கமிருந்து புதிய கூட்டங்கள் இன்னும் ஏறி வந்துகொண்டே இருந்தன.

கடைசி மான் கண்ணில் படவில்லை.