நானூறு வரி

"பன்னிரண்டு வரியில முடியற வேலைக்கு நானூறு வரியா? தெருமுனைக் கடைக்குப் போக ஏரோப்ளேன் டிக்கெட் எடுத்திருக்காரு மனுஷன்!"

பிஸ்கட் கம்பெனியின் கம்ப்யூட்டர் பிரிவில் சேர்ந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. புதுப் பெண்ணுக்கு வாய் மட்டும் பத்து வருட சர்வீஸ்.

அவள் கரித்துக் கொட்டியது சீனியரை. எதற்கெடுத்தாலும் அவருக்கு டைனமிக் ப்ரோகிராமிங்தான். சின்னச் சின்ன விடைகளை அட்டவணையில் சேர்த்து வைத்து, அதிலிருந்து பெரிய விடையைப் பிடிக்கும் முறை. அதனால் அவர் பெயரே 'அட்டவணை அண்ணன்' ஆகிவிட்டது.

இந்த நானூறு வரி, ஆட்களுக்கு ஷிப்ட் போடும் ப்ரோகிராம். ஒருவர் மாற்றி ஒருவர் என்று முறை வைத்தால் போதாதா? பன்னிரண்டே வரியில் எழுதி, பழைய வருடங்களுக்கும் சேர்த்து இரண்டையும் ஓட்டிப் பார்த்தாள்.

கிட்டத்தட்ட ஒரே விடை. ஆனால் அண்ணன் கணக்கில், பேக்கிங் மேஸ்திரி அக்காவுக்கு மூன்று வருடமாகச் செவ்வாய்க்கிழமை காலை ஷிப்டே விழவில்லை.

நேராக அவரிடமே போனாள்.

"அண்ணா, உங்க ப்ரோகிராம்ல தப்பு இருக்கு. நாலு மணி மீட்டிங்ல மேனேஜர்கிட்ட சொல்லப் போறேன். சொல்லாம போட்டுக் கொடுத்தா நல்லாருக்காது, அதான் வந்தேன்."

அவர் முகம் வெளுத்தது. எழுந்து போய்க் கதவைச் சாத்தினார்.

"தப்பில்லம்மா. அக்கா செவ்வாய்க்கிழமை காலையில எழுத்துக்கூட்டிப் படிக்கக் கத்துக்கப் போறாங்க. மேஸ்திரியா இருந்துக்கிட்டு படிக்கத் தெரியாதுன்னு வெளியே தெரிஞ்சா அவங்களுக்கு அவமானமா இருக்காம். வேலை நேரம் ஒண்ணும் குறையல, நாள்தான் மாறுது."

"அதுக்கு நானூறு வரியா?"

"பன்னிரண்டு வரின்னா அவங்க பேரு பளிச்சுனு தெரியும். நானூறு வரியை எவன் படிப்பான்?" என்றவர் தலையைச் சொறிந்தார். "நேத்து வாட்ச்மேனும் வந்து காதைக் கடிச்சாரு. அவரும் படிக்கப் போகணுமாம், வெள்ளிக்கிழமை காலையில ஷிப்ட் போட வேண்டாமாம்."

அவளுக்கு வெட்கமாகிவிட்டது. சீட்டுக்குத் திரும்பினாள்.

நாலு மணி மீட்டிங்கில் மேனேஜர் கேட்டார். "என்னம்மா, அந்த ஷிப்ட் ப்ரோகிராமைச் சுருக்கப் போறியாமே?"

அட்டவணை அண்ணன் குனிந்த தலை நிமிரவில்லை.

"நல்லாப் படிச்சுப் பார்த்தேன் சார், நானூறு வரி பத்தாது," என்றாள் அவள். "வெள்ளிக்கிழமைக்கு இன்னொரு அட்டவணை போட்டே ஆகணும்."