எடுக்காத மூன்று மாதம்

வீட்டுக் கடன் 2041 ஆகஸ்டில்தான் முடியும் என்றாள் மேசைக்கு அந்தப் பக்கம் இருந்த பெண்.

கையெழுத்துப் போட்டபோது 2040 ஜூன் என்றுதானே சொன்னார்கள் என்று கேட்டேன். சண்டைக்காகக் கேட்கவில்லை. விஷயம் எனக்கும் தெரியும். எங்கிருந்தாவது பேச்சை ஆரம்பிக்க வேண்டுமே.

சட்டையில் புனிதா என்று பெயர் குத்தியிருந்தாள். என் மகள் வயதுதான் இருக்கும். கணினித் திரையை என் பக்கம் திருப்பி வைத்துப் பொறுமையாக விளக்கினாள்.

கோவிட் வந்த வருஷம் ஆறு மாதத்துக்கு யாரும் தவணை கட்ட வேண்டாம் என்று பேங்கில் சொன்னார்களே, அது இனாம் இல்லை. நாமெல்லாம் வீட்டுக்குள் அடைந்து கிடந்தபோதும் வட்டி லீவு எடுக்கவில்லை. அந்த ஆறு மாத வட்டியும் அசலில் ஏறி, அதற்கும் இருபது வருஷம் வட்டி ஓடி, கடைசியில் பதினான்கு மாதமாக நீண்டுவிட்டது.

தலையாட்டிக்கொண்டே கேட்டேன். அவள் என்னைப் பாவமாகப் பார்த்தாள். என்னைப் போல் தினம் பத்துப் பேரைப் பார்ப்பாள் போல.

கிள்ளானில் பள்ளி வேன் ஓட்டுகிறேன். பன்னிரண்டே முக்காலுக்குப் பிள்ளைகளை ஏற்ற வேண்டும். வேனை வெளியே மஞ்சள் கோட்டின் மேல் நிறுத்திவிட்டு வந்திருந்தேன். அபராதம் போட்டுச் சமன் வந்தால் வரட்டும். இதற்கு முன் இரண்டு தடவை இந்த பேங்க் வாசல்வரை வந்து திரும்பிப் போனவன் நான்.

பதினான்கு மாதக் கதை எனக்கு அந்த வருஷம் செப்டம்பரிலேயே தெரியும். மாமாக் கடையில் டீ குடிக்கும்போது என் கூட்டாளி திருச்செல்வம்தான் ஒரு ரசீதின் பின்பக்கம் கணக்குப் போட்டுக் காட்டினான். நான் வாங்கியது இரண்டு லட்சத்து நாற்பதாயிரம் வெள்ளி. முப்பது வருஷத்தில் கட்டப்போவது நாலு லட்சத்து முப்பதாயிரத்துக்கும் மேல். ஒரு வீட்டில் இருந்துகொண்டு கிட்டத்தட்ட இரண்டு வீட்டுக்குக் காசு கட்டுகிறாய் என்றான்.

பத்து வருஷமாகக் கண்ணை மூடிக்கொண்டு கட்டியிருக்கிறேன். அன்றைக்குத்தான் புரிந்தது. கோபம் வந்தது. கூடவே கொஞ்சம் கர்வமும் வந்தது, நமக்கும் கணக்குத் தெரிந்துவிட்டதென்று.

அந்தக் கர்வத்தோடுதான் வீட்டுக்குப் போனேன்.

ஆறு மாதம் முடிகிற நேரம். வருமானம் இல்லாதவர்கள் இன்னும் மூன்று மாதம் கேட்கலாம் என்று பேங்கிலிருந்து தகவல் வந்திருந்தது. பள்ளிக்கூடம் திறப்பதும் மூடுவதுமாக இருந்ததால் என் வேன் பாதி நாள் வாசலில்தான் நின்றது. கேட்டிருந்தால் கொடுத்திருப்பார்கள். என் மனைவி சீதாலெட்சுமி விண்ணப்பப் பாரத்தை முழுக்கப் பூர்த்தி செய்து, நான் கையெழுத்துப் போட வேண்டிய இடத்தில் பேனாவால் ஒரு புள்ளிகூட வைத்திருந்தாள்.

நான் போடவில்லை.

ரசீதை எடுத்து வைத்துக்கொண்டு அவளுக்குப் பாடம் நடத்தினேன். வட்டி குட்டி போடும் என்றேன். உனக்கு என்ன தெரியும் என்றும் சொன்னேன். மூன்று மாதம்தானே என்று ஒரு தடவை கேட்டாள், அவ்வளவுதான். அவள் எதையும் இரண்டாம் தடவை கேட்கிறவள் இல்லை.

புனிதா திரையைத் தன் பக்கம் திருப்பப் போனாள். வந்த விஷயத்தை அப்போதுதான் கேட்டேன்.

"அப்ப அந்த மூனு மாசத்தையும் எடுத்திருந்தா, எவ்வளவு கூட கட்ட வேண்டி வந்திருக்கும்மா?"

அவளுக்கு விளங்கவில்லை. வாங்காத கடனுக்கு வட்டி கேட்கிற ஆளை அவள் பார்த்திருக்க மாட்டாள். எதற்கு அங்கிள் என்றாள். சும்மா தெரிந்துகொள்ளத்தான் என்றேன். நல்ல பிள்ளை, முகம் சுளிக்காமல் தட்டிப் பார்த்தாள்.

கடைசியில் இன்னும் ஏழு மாதம் நீண்டிருக்குமாம். கட்டாமல் விட்ட மூன்று மாதத்தைக் கழித்தால், கூடுதலாகக் கொடுப்பது ஏறக்குறைய ஐயாயிரம் வெள்ளி.

"நல்ல வேளை எடுக்கல அங்கிள். ஐயாயிரம் மிச்சம் லா."

சிரித்துக்கொண்டே சொன்னாள். அவள் மேல் தப்பில்லை.

ஐயாயிரம்தானா என்று மறுபடி கேட்டேன். ஒரு தாளில் எழுதியும் காட்டினாள். நான் ஐம்பதாயிரமாவது இருக்கும் என்று நினைத்திருந்தேன். ஐந்து வருஷமாக அந்த ஐம்பதாயிரத்தைச் சொல்லிச் சொல்லித்தான் என்னைத் தேற்றிக்கொண்டிருந்தேன். வேனுக்கு ஒரு கியர்பாக்ஸ் மாற்றினாலே ஐயாயிரம் ஆகிவிடும்.

சீதாலெட்சுமிக்குச் சின்ன வயதிலிருந்தே மூச்சிழுப்பு உண்டு. தவணை இல்லாத அந்த ஆறு மாதமும் ஃபேக்டரியில் சம்பளமில்லாத விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டு வீட்டில்தான் இருந்தாள். வேலைக்குப் போகப் பயமாக இருக்கிறது என்று அவள் என்னிடம் வாய்விட்டுச் சொல்லவில்லை. பாரத்தைத்தான் பூர்த்தி செய்து வைத்தாள்.

அக்டோபர் முதல் தேதி காலையில் ஷா ஆலம் ஃபேக்டரி பஸ்ஸில் ஏறினாள். மூன்றாவது வாரம் காய்ச்சலோடு வந்தாள். ஆஸ்பத்திரிக்குள் போனவளை அதன்பிறகு நானும் பார்க்கவில்லை, மகளும் பார்க்கவில்லை. பெட்டியைத் திறக்கக் கூடாது என்றுவிட்டார்கள்.

அவளுடைய அக்டோபர் சம்பளம் அவள் போய் நான்கு நாள் கழித்துக் கணக்கில் ஏறியது. நவம்பர் தவணையை அதில்தான் கட்டினேன்.