பொம்பிளை கேட்டு வந்தவர்

“அம்மா, கானாக்காரர் ஒருத்தர் சனிக்கிழமை வீட்டை வாறார். பொம்பிளை ஒராள் வேணுமாம், நேரிலை கேக்கப் போறாராம்” என்று மகள் அனுசியா போனில் சொன்னதிலிருந்து மங்களேஸ்வரிக்கு எது உப்பு, எது சீனி என்று தெரியவில்லை. அன்று மாலைக்குள், நோர்வேயில் அவர்கள் இருக்கும் ஹவுகெட்டோவில் பாதித் தமிழருக்குச் செய்தி போய்விட்டது. அவள் யாருக்கும் சொல்லவில்லையாம்.

சனிக்கிழமை கானாக்காரர் குவேசி நல்ல கோட்டுடன் வந்து உட்கார்ந்தார்.

“என்ன வேலையாம்?” மகளிடம் கேட்டார் நடேசபிள்ளை.

“படத்துக்குக் கதை எழுதுறதும் கமரா பிடிக்கிறதும் அவர்தான், அப்பா. கானாவிலை மூண்டு படம் செய்தவர். இஞ்சை இதுதான் முதல் படம்.”

“அது சரி, வேலை என்ன?”

“பஸ் ஓடுறார்.”

நடேசபிள்ளையின் முகம் சற்றுத் தெளிந்தது.

குவேசி நொர்ஸ்க் மொழியில் பணிவாகச் சொன்னார்: “வடக்கே ஹம்மர்பெஸ்ட் ஊருக்குக் கூட்டிப்போக வேண்டும். நீங்கள் மறுத்தால் என் படமே இல்லை.”

மங்களேஸ்வரி மூக்கைச் சிந்தினாள். மகளின் முகத்தில் பெயருக்குக்கூட வெட்கம் இல்லை.

நடேசபிள்ளை எழுந்து குவேசியின் கையைப் பிடித்தார். “அவள் ஓமெண்டால் எனக்கும் சம்மதம். கூட்டிக்கொண்டு போங்கோ.”

“தாங்ஸ் அப்பா! ஹம்மர்பெஸ்டிலை மீன் ஃபாக்டரிப் பொம்பிளை ஒராளின்ரை கதை. நடிகையள் சரிவராதாம், மீன் வெட்டத் தெரிஞ்ச ஆள்தான் வேணுமாம். அம்மா அங்கை எட்டு வருசம் வெட்டினவ எண்டு நான்தான் சொன்னனான்.”

நடேசபிள்ளை கையை இழுத்துக்கொண்டார். “என்ன, இவளையோ கேட்டவர்?”

மங்களேஸ்வரி கண்ணைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்தாள்.

“நான் ஓம்” என்றாள்.