மூன்றாம் தாள்

“ஏம்மா, அந்தப் பரீட்சைக்கு மட்டும் ஏன் போகல?”

நீதிபதி கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்துவிட்டுக் கேட்டார். குரலில் அதட்டல் இல்லை. சரியான பதில் வந்துவிடாதா என்று அவரே எதிர்பார்ப்பதுபோல் இருந்தது.

மாணவர் பேரவைத் தலைவர் தேர்தலில் நிற்க நான் கொடுத்த வேட்புமனு தள்ளுபடியாகிப் பதினோரு நாள் ஆகிறது. அதை எதிர்த்து நான் போட்ட வழக்கு இந்த ஒரு கேள்வியில் வந்து நிற்கிறது.

ஒரு தாளில்கூடத் தவறாதவர்தான் போட்டியிடலாம் என்பது கல்லூரி விதி. எழுதாமல் விட்டாலும் தவறியதாகவே கணக்கு.

முதல் வருடம் மூன்றாம் தாளை நான் எழுதவில்லை. அடுத்த பருவத்திலேயே எழுதி நல்ல மதிப்பெண்ணும் வாங்கிவிட்டேன். ஆனாலும் விதி விதிதான். தகுந்த காரணம் இருந்தால் மட்டும் விலக்கு உண்டு.

எனக்காக வாதாடும் மாமா, கறுப்பு அங்கியைச் சரிசெய்வதுபோல் என் பக்கம் குனிந்தார்.

“வீட்டுல வாயை மூட மாட்ட. இங்க வந்து திறக்க மாட்டேங்கிறியேடி. ஜட்ஜே கை கொடுக்கறாங்க, பிடிச்சுக்கோ.”

பாவம், மாமாவுக்கும் காரணம் தெரியாது. நான் பரீட்சை எழுதாததே இந்த வழக்கு வரும்வரை என் வீட்டில் யாருக்கும் தெரியாது.

ஆனால் மனுக்களைப் பரிசீலித்த அன்று தேர்தல் அதிகாரிக்கு வந்த ஆட்சேபக் கடிதத்தில் எல்லாம் இருந்தது. தாளின் எண், தேதி, நான் வராதது. கீழே பட்டாணியின் கையெழுத்து.

பட்டாணி என் அறைத்தோழி; வேறு துறை, அவளுக்குப் பரீட்சை நாட்களும் வேறு. மூன்று வருடமாக ஒரே அறை, ஒரே குடை, பல நாள் ஒரே தட்டு. தலைவர் பதவிக்கு அவளும் மனு கொடுத்த அன்று, “யாரு ஜெயிச்சாலும் நம்ம ரூம்தான்டி ஜெயிக்குது” என்று என்னைக் கட்டிக்கொண்டாள்.

நானும் நம்பினேன்.

இப்போது எதிர்த்தரப்புப் பெஞ்சில் தன் அம்மாவோடு உட்கார்ந்திருக்கிறாள். காலையில் வராந்தாவில் என்னைப் பார்த்ததும் அந்த அம்மா பழக்கதோஷத்தில், “சாப்டியாடி கண்ணு?” என்று கேட்டுவிட்டார். பிறகு மகளின் முகத்தைப் பார்த்துப் பேச்சை விழுங்கிக்கொண்டார்.

அந்தப் பரீட்சை நாள் காலையில் நான் ஆஸ்பத்திரியில் இருந்தேன்.

கல்லூரியில் கேள்வித்தாள் கொடுத்துக்கொண்டிருந்த நேரத்தில், அவசரப் பிரிவு வாசலில் ஒரு நர்ஸ் என்னிடம் படிவத்தை நீட்டினார். நோயாளிக்கு என்ன உறவு என்ற இடத்தில் ‘அக்கா’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.

அதன் நகல் என் பையில்தான் இருக்கிறது. எடுத்து நீட்டினால் போதும்.

“சொல்லும்மா,” என்றார் நீதிபதி.

“படிக்கல மேடம். பயந்துட்டுப் போகல.”

மாமா பேனாவை மூடினார். பட்டாணியின் அம்மா, ‘இவளா இப்படி?’ என்பதுபோல் என்னையே பார்த்தார்.

அன்று உள்ளே கட்டிலில் கிடந்தது தன் மகள் என்று அவருக்குத் தெரியாது. உயிரை விட்டுவிடத் துணிந்தவளை அன்று காலையில் தூக்கிக்கொண்டு ஓடியது நான் என்றும் தெரியாது. கண் விழித்ததும் பட்டாணி என்னிடம் வாங்கிய சத்தியமே அதுதான்: அம்மாவுக்குத் தெரியக் கூடாது.

அவள் மட்டும் என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை.

நான் வாயைத் திறப்பதற்கு முன்பே, காகிதங்களை அடுக்கிப் பைக்குள் வைக்கத் தொடங்கியிருந்தாள்.