அப்பா பேசுகிறார்

பத்திரிகை ஆசிரியர் வைத்தீஸ்வரன் டிவி விவாதத்தில் பேசிக்கொண்டிருந்தார்.

“பிள்ளைங்க விரும்பிக் கட்டினா, மதம் பார்க்காம வாழ்த்தணும். அதுதான் பெத்தவனுக்கு அழகு.”

வீட்டைவிட்டு வந்து, குலசேகரன்பட்டினத்தில் காதலன் ரெக்சனின் அத்தை வீட்டில் மூன்று நாளாக ஒளிந்திருந்த மகள் பார்கவிக்குக் கண் கலங்கியது.

“எனக்காகத்தான் பேசுதார். இருக்கிற இடத்தைச் சொல்லிருதேன்.”

“நாளைக்குக் கல்யாணத்தைப் பதிஞ்சிட்டுச் சொல்லுவோம், பிள்ள,” என்றான் ரெக்சன்.

“அவர் சென்னையில ஸ்டூடியோவுல உக்காந்திருக்கார். உனக்கு என்ன பயம்? பேசி முடிச்சிட்டுப் பார்க்கட்டும்.”

தெருப் பெயரையும் வீட்டு அடையாளத்தையும் எழுதி அனுப்பினாள்.

உடனே போன் அடித்தது. அப்பா. டிவியில் அவர் இன்னும் பேசிக்கொண்டிருந்தார்.

“அப்பா, நீங்க டிவியில...”

“அது நீ போறதுக்கு முந்தின நாள் எடுத்ததும்மா. நாங்க நேத்தே குலசேகரன்பட்டினம் வந்துட்டோம். வீடுதான் தெரியாம அலைஞ்சோம்.”

“கோபம் இல்லையேப்பா?”

அவர் பக்கத்தில் யாரிடமோ பேசுவது கேட்டது.

“பச்சை வீடுதான். ஏலே, பின்வாசலுக்கு ரெண்டு பேரு போங்க.”