சைரன் என்றால்

ஜன்னலோர நாற்காலியில் உட்கார்ந்திருந்தவனை ஷ்யாமளா சமையலறைத் திரையின் இடுக்கு வழியே ஆற அமரப் பார்த்து முடித்துவிட்டாள். அவள் வயதுதான் இருக்கும். சுருட்டை முடி, மெலிந்த விரல்கள். லெண்டிங் லைப்ரரியில் வாங்கிப் படிக்கும் ருஷ்ய நாவல்களின் தமிழாக்கத்தில், பனியில் நனைந்தபடி வந்து கதவைத் தட்டுகிறவர்கள் இப்படித்தான் இருப்பார்கள் என்று நினைத்துவைத்திருந்தாள்.

அவன் பக்கத்தில் இருந்த அவன் அப்பாவைத்தான் பார்க்கச் சகிக்கவில்லை.

மனிதர் கேசரியை வழித்துத் தின்றுவிட்டு ஒவ்வொரு விரலாக வாய்க்குள் விட்டு உறிஞ்சினார். மிச்ச நெய்யை நாற்காலிக் கைப்பிடியின் அடியில் தடவினார். பிறகு மூக்கில் பொடியை ஏற்றி, பழுப்பேறிய கைக்குட்டையில் சிந்தி, சிந்தியதை ஒருமுறை பிரித்துப் பார்த்துவிட்டு மடித்து வைத்துக்கொண்டார்.

"ஹார்பர் ஆபீஸ் உத்தியோகம். செம்பூர்ல சொந்த ஃப்ளாட். மாமியார் கிடையாது, நாத்தனார் கிடையாது. வரதட்சணைன்னு வாயே திறக்கல. இந்த மாதிரி இடம் சாமான்யமா அமையுமா?" காலையிலிருந்து அம்மா கோமதியம்மாள் அவள் முகத்தைப் பார்க்காமலே இதைச் சொல்லிக்கொண்டிருந்தாள்.

அப்பா போன பிறகு அந்த மாட்டுங்கா வீட்டில் மாமா சுப்ரமணியன் வைத்ததுதான் சட்டம். அவரும் ஒன்று சொல்லியிருந்தார். "பலவந்தம் இல்லை. நீயா வாயால சம்மதம்னு சொன்னாத்தான் தாம்பூலம் மாத்துவேன். மாத்திட்டா அப்புறம் வார்த்தை பிறழக் கூடாது."

அம்மா காப்பித் தட்டை அவள் கையில் கொடுத்து, "முதல் டம்ளர் பெரியவருக்கு" என்று காதில் சொன்னாள்.

டம்ளரை வாங்கிக்கொண்ட பெரியவரின் கட்டைவிரல் அவள் விரல் மேல் கொஞ்சம் கூடுதலாகவே தங்கியது. பிசுபிசுவென்றிருந்தது. வயதான மனிதர், கை தவறியிருக்கும் என்று சமாதானம் சொல்லிக்கொண்டு புடவைத் தலைப்பில் விரலை அழுந்தத் துடைத்தாள்.

"பாடுவாளோ?" என்றார் அவர்.

"பாடாம என்ன? சின்ன வயசுலேர்ந்து கத்துண்டிருக்கா" என்றார் மாமா.

அவள் ஜமக்காளத்தில் உட்கார்ந்து தொண்டையைச் செருமியபோது தாதர் பக்கமிருந்து மில் சங்கு ஊதியது. ஜன்னல் கண்ணாடியில் போன வருஷத்து யுத்தத்தின்போது வெளிச்சம் வெளியே தெரியாமலிருக்க ஒட்டிய கறுப்புக் காகிதம் பாதி கிழிந்தபடி இருந்தது. அது அதிர்ந்து அடங்கும்வரை எல்லோரும் காத்திருந்தார்கள்.

"சைரன்னா என்ன அர்த்தம்னு நோக்குத் தெரியுமோ?" பெரியவர் அவளிடம் குனிந்தார். கட்டின பல் ஒன்றை நாக்கால் தள்ளித் தள்ளி உள்ளே வைத்துக்கொண்டார். "மில்லுல ஊதினா ஷிஃப்ட் மாறறதுன்னு அர்த்தம். ஹார்பர்ல ஊதினா கப்பல் புறப்படறது. சண்டையில ஊதினா விளக்கை அணைச்சுட்டு மாடிப்படிக்குக் கீழ ஒளிஞ்சுக்கணும். இங்கிலீஷ் பத்திரிகையிலயோ, படத்துல ஆளை மயக்கற பொம்பளைக்கு அந்தப் பேரை வெச்சிருக்கான்."

"அப்பா, பாட்டைக் கேப்போமே" என்றான் இளைஞன் தரையைப் பார்த்தபடி.

"இருடா. அசல் அர்த்தம் கிரேக்கப் புராணத்துல இருக்கு. கடல் நடுவுல பாறை மேல உக்காந்துண்டு பாடற பொண்கள் அவா. அந்தக் குரலைக் கேட்டவன் கப்பலைத் திருப்பிண்டு நேரா வந்து மோதிப்பான்." ஷ்யாமளாவின் கழுத்துவரை பார்வையை இறக்கி, ஏற்றி, "நானும் ஹார்பர் ஆசாமிதானே, கொஞ்சம் ஜாக்கிரதையாத்தான் இருக்கணும்" என்று சிரித்தார். கேசரிப் பருக்கை ஒன்று ஜமக்காளத்தில் வந்து விழுந்தது.

மாமா மட்டும் சத்தமாகச் சிரித்தார்.

இளைஞன் அவசரமாக அலமாரியைக் காட்டினான். "இதெல்லாம் நீங்க படிக்கறதா?"

"ஆமாம். எல்லாம் மொழிபெயர்ப்பு."

"எங்காத்துல ரெண்டு பீரோ நிறைய இருக்கு. நீங்க வந்தப்புறம் எது வேணும்னாலும் எடுத்துக்கலாம்."

அந்த ஒரு வார்த்தை போதுமாக இருந்தது. ஷ்யாமளா கண்ணை மூடிக்கொண்டாள். பொடி நெடி போய் உப்புக் காற்று வந்தது. பாறை மேல் அவள் உட்கார்ந்திருந்தாள். தூரத்தில் ஒற்றைப் படகு, அதில் சுருட்டை முடிக்காரன். அவன் படகைத் திருப்பிவிட வேண்டுமென்றே பாடினாள். மேல் ஸ்தாயியில் வழக்கமாக நடுங்கும் குரல் அன்றைக்கு நடுங்கவில்லை.

பாடி முடித்துக் கண் திறந்தபோது பெரியவர் வாயைத் திறந்தபடி உட்கார்ந்திருந்தார். காப்பி அவர் வேட்டியில் சிந்தியிருந்தது.

"எனக்குப் பரிபூர்ண திருப்தி" என்றார்.

மாமா அவள் பக்கம் திரும்பினார். "என்னடி, கேட்டியோ? நீ என்ன சொல்றே?"

செம்பூருக்குப் போனால் அந்தக் கைக்குட்டையைத் தோய்க்க வேண்டியிருக்குமே என்று ஒரு கணம் தோன்றியது. தோய்த்தால் போகிறது, இரண்டு பீரோ புத்தகம் இருக்கிறது. ஜன்னலோரம் ஒரு பார்வை பார்த்துவிட்டு, "சம்மதம் மாமா" என்றாள், எல்லோருக்கும் கேட்கும்படியாக.

அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சமையலறைக்குள் போய்விட்டாள். மாமா தாம்பூலத்தை மாற்றிக்கொண்டார்.

பெரியவர் செருப்பை மாட்டிக்கொண்டே, "சொல்லிண்டு வாடா, வாசு" என்றார்.

இளைஞன் அவள் எதிரில் வந்து நின்றான். ஷ்யாமளா தலையைக் குனிந்துகொண்டாள். அவன் இரண்டு கைகளையும் கூப்பினான்.

"போயிட்டு வரேன், சித்தி."